பாலக்காட்டில் எத்தனை பேர், அதில் தமிழர் நாம் எத்தனை பேர்?

கேள்வி: ஒரு புத்தகத்தில் பாலக்காட்டின் மக்கள்தொகை 1.31 லட்சம் என்று இருக்கிறது, இன்னொன்றில் 2.93 லட்சம். இரண்டுமே 2011 கணக்கு. பரீட்சைக்கு எதை எழுதுவது?
(கல்லூரி மாணவர், சித்தூர், பாலக்காடு மாவட்டம்)

பதில்: இரண்டும் சரிதான் தம்பி. நகராட்சி என்று கேட்டால் முதல் எண், சுற்றியுள்ள பகுதிகளையும் சேர்த்த நகரத் தொகுப்பு என்று கேட்டால் இரண்டாவது. மாவட்டம் என்றால் 28 லட்சம். மருதறோடு, பிராயிரி, புதுப்பரியாரம் பக்கம் பஸ்ஸில் போய்ப் பாருங்கள், நகராட்சி எங்கே முடிகிறது, பஞ்சாயத்து எங்கே தொடங்குகிறது என்று உள்ளூர்க்காரருக்கே சொல்லத் தெரியாது, வீடும் கடையுமாக ஒட்டிக்கொண்டே போகும். குறைந்தது 5,000 பேர், சதுர கிலோமீட்டருக்கு 400 பேர், வேலை பார்க்கும் ஆண்களில் நான்கில் மூன்று பங்கு விவசாயம் அல்லாத தொழில், இந்த மூன்றும் இருந்தால் பஞ்சாயத்தாகவே இருந்தாலும் சென்சஸ் அதை நகரம் என்று எழுதிவிடும். கேரளத்தில் 2001இல் நகர மக்கள் 26 சதவீதம், 2011இல் கிட்டத்தட்ட 48. பத்து வருஷத்தில் அத்தனை பேரும் டவுனுக்குக் குடிபோய்விடவில்லை, இருந்த இடத்திலேயே ஊர் நகரமாகிவிட்டது, பெரும்பகுதி அவ்வளவுதான் விஷயம்.

பெருநகரம் என்று மட்டும் எழுதிவிடாதீர்கள். அரசியல் சட்டப்படி அதற்குப் பத்து லட்சம் வேண்டும். கேரளத்தில் கொச்சி, கோழிக்கோடு, திருச்சூர், மலப்புரம், திருவனந்தபுரம், கண்ணூர், கொல்லம் ஆகிய தொகுப்புகள் 2011இலேயே அதைத் தாண்டிவிட்டன. நாம் சின்ன ஊர்தான்.

கேள்வி: பாலக்காட்டுத் தமிழர் என்றாலே கல்பாத்தி ஐயர்கள்தான் என்று இங்கே எல்லாரும் சொல்கிறார்கள். அப்படித்தானா?
(வாசகர், ஈரோடு)

பதில்: இல்லவே இல்லை. இந்த நினைப்பை மாற்ற வேண்டும் என்று எனக்கு நெடுநாளாக ஆசை, கேட்டதற்கு நன்றி.

கல்பாத்தி முக்கியம்தான். தஞ்சாவூர்ப் பக்கமிருந்து பல நூற்றாண்டுகளுக்கு முன்னால் வந்தவர்கள், 1425இல் கட்டியதாகச் சொல்லப்படும் விசுவநாதசுவாமி கோயில், ஐப்பசி கடைசியில் மூன்று நாள் தேர், எல்லாம் உண்டு. ஆனால் அக்கிரகாரத்துப் பிள்ளைகள் பம்பாய், சென்னை, அமெரிக்கா என்று எப்போதோ கிளம்பிவிட்டார்கள். வீட்டில் தமிழ் பேசுகிற பலருக்குப் படிக்க எழுதத் தெரிந்தது மலையாளம் மட்டும்.

அப்புறம் ராவுத்தர்கள். பாலக்காடு டவுன், புதுநகரம், கொல்லங்கோடு பக்கமெல்லாம் வீட்டில் தமிழ் பேசும் முஸ்லிம்கள் இவர்கள். வடக்கேயும் மேற்கேயும் இருக்கிற மாப்பிளை முஸ்லிம்களின் வீட்டு மொழி மலையாளம், வெளியிலிருந்து பார்ப்பவர் இரண்டு பேரையும் ஒன்றாகச் சேர்த்து எழுதிவிடுகிறார், அது பெரிய தப்பு.

கிழக்கே கொழிஞ்சாம்பாறை, எருத்தேம்பதி, வடகரப்பதிக்குப் போனால் உங்கள் ஈரோட்டுப் பேச்சையே கேட்கலாம், "வாங்க, சாப்பிட்டீங்களா" என்று அதே இழுப்பு. கவுண்டர் தோட்டங்கள், தென்னை, கறுப்பு மண், மழை குறைச்சல். தமிழ்நாட்டோடு செய்த பரம்பிக்குளம் ஆளியாறு தண்ணீர் ஒப்பந்தப்படி மணக்கடவில் வந்து சேர வேண்டிய 7.25 டிஎம்சி தண்ணீரை நம்பித்தான் சித்தூர் விவசாயம் நடக்கிறது. அந்தத் தோட்டங்களில் தலைமுறை தலைமுறையாகக் கூலி வேலை செய்யும் தலித் குடும்பங்களும் இந்த மண்ணின் தமிழர்தான், அவர்களை விட்டுவிட்டு நடக்கும் கணக்கெல்லாம் அரைக்கணக்கு. வீட்டில் கன்னடமோ தெலுங்கோ பேசிக்கொண்டு வெளியில் தமிழும் மலையாளமும் பேசும் நெசவாளர் குடும்பங்களும் உண்டு.

இதில் பலர் எங்கிருந்தும் குடிவந்தவர்கள் இல்லை என்பதையும் சொல்ல வேண்டும். 1956 நவம்பர் 1 வரைக்கும் பாலக்காடு மலபார் மாவட்டம், அதாவது கோயம்புத்தூரும் அதுவும் ஒரே சென்னை மாகாணம். வாளையாற்றில் மாநில எல்லை வந்தது அதற்குப் பிறகுதான். சித்தூர் கதை வேறு, அது கொச்சி ராஜாவிடம் இருந்தது. இரண்டும் ஒரே மாவட்டமானது 1957 ஜனவரியில்.

கேள்வி: ஐயா, எங்கள் வீட்டில் பேச்சு தமிழ். பிள்ளைகள் மலையாளம் மீடியம், மருமகள் மலையாளி. சென்சஸுக்கு வந்தால் தாய்மொழி என்ன என்று சொல்வது? மலையாளம் என்றே சொல்லிவிட்டால் பிள்ளைகளுக்கு நல்லதா?
(குடும்பத் தலைவி, கொழிஞ்சாம்பாறை)

பதில்: அம்மா, தயவுசெய்து உள்ளதைச் சொல்லுங்கள். சென்சஸ் விதிப்படி தாய்மொழி என்பது சின்ன வயதில் அந்த ஆளிடம் அவருடைய அம்மா பேசிய மொழி. எந்தப் பள்ளியில் படித்தார், எந்த மாநிலத்தில் ரேஷன் கார்டு என்பதெல்லாம் அதில் வராது. உங்களுக்குத் தமிழ், மருமகளுக்கு மலையாளம், பேரக்குழந்தைக்கு மருமகள் எந்த மொழியில் பேசுகிறாரோ அது. ஒவ்வொருவருக்கும் தனித்தனியாகக் கேட்டு எழுத வேண்டும். கணக்கெடுக்க வரும் டீச்சர் நல்லவர்தான், ஆனால் வெயிலில் நூறு வீடு ஏறி இறங்கியவர், குடும்பத் தலைவரிடம் ஒரு தடவை கேட்டுவிட்டு எல்லாருக்கும் ஒரே மொழியைப் போட்டுவிடக்கூடும். "எனக்கு என்ன எழுதினீங்க?" என்று பக்கத்தில் நின்று கேளுங்கள், அது உங்கள் உரிமை. இதற்கு அடுத்து, தெரிந்த வேறு இரண்டு மொழிகளையும் கேட்பார்கள், மலையாளத்தை அங்கே தாராளமாகச் சொல்லலாம்.

பிள்ளைகளுக்கு இதனால் ஒரு கெடுதலும் இல்லை. 1948 சென்சஸ் சட்டப்படி நீங்கள் சொல்வது ரகசியம், யாருடைய வேலைக்கும் படிப்புக்கும் எதிராக அதை எடுக்க முடியாது. சொல்லாமல் விட்டால்தான் கெடுதல். 1956இல் மொழிச் சிறுபான்மையினருக்கு மத்திய அரசு தந்த உறுதிகளில், ஒரு தாலுகாவிலோ நகராட்சியிலோ 15 முதல் 20 சதவீதம் பேர் ஒரு மொழி பேசினால் முக்கியமான அறிவிப்புகளை அந்த மொழியிலும் போட வேண்டும் என்று இருக்கிறது. ஆரம்பப் பள்ளியில் ஒரு வகுப்பில் 10 பேர், அல்லது பள்ளி முழுக்க 40 பேர் இருந்தால் தாய்மொழியில் கற்பிக்க ஆசிரியர் வேண்டும் என்பதும் அப்படித்தான். 2011இல் கேரளம் முழுக்கத் தமிழைத் தாய்மொழியாகச் சொன்னவர்கள் சுமார் 5 லட்சம், மாநிலத்தில் ஒன்றரை சதவீதம். அதைப் படித்தபோது எனக்கு வருத்தமாகத்தான் இருந்தது. தமிழ் மீடியம் வகுப்பை நடத்தலாமா, மூடலாமா என்று பேச்சு வருகிற நாளில் அதிகாரி கையில் இருப்பது எண்கள்தான், நம் வீட்டுப் பேச்சு அவர் காதில் விழாது.

அடுத்த கணக்கெடுப்பில் 2027 மார்ச் 1 தான் ஆதார நாள், அன்றைய நிலைதான் கணக்கு. இந்தத் தடவை சாதியும் கேட்கப் போகிறார்கள், நாமே இணையத்தில் பதிவு செய்யவும் வழி உண்டு. வீட்டில் பதிவு செய்வது பேரப்பிள்ளையாக இருந்தால், அனுப்புவதற்கு முன் தாய்மொழிப் பகுதியை ஒரு தடவை உரக்கப் படிக்கச் சொல்லுங்கள்.

கேள்வி: வில்லேஜ் ஆபீசில் தமிழில் மனு கொடுத்தால் வாங்குவார்களா?
(வாசகர், முதலமடை)

பதில்: வாங்க வேண்டும். கேரள ஆட்சிமொழிச் சட்டம், 1969, தமிழ், கன்னடச் சிறுபான்மையினர் தங்கள் மொழியிலேயே அரசுக்கும் மொழிச் சிறுபான்மைப் பகுதிகளில் உள்ள உள்ளூர் அலுவலகங்களுக்கும் எழுதலாம் என்கிறது, பதிலும் அதே மொழியில் வர வேண்டும். மனுவின் மேலேயே சட்டத்தின் பெயரையும் வருஷத்தையும் எழுதிவிடுங்கள், ரசீது இல்லாமல் திரும்பாதீர்கள். பதில் மலையாளத்தில் வந்தால் அதன் நகலை வைத்து இன்னொரு மனு, அதையும் தமிழிலேயே கொடுங்கள்.