நாலு எட்டு வைத்தால் பந்தைத் தட்டு!
வாசகர் கேள்வி – பதில்

(இந்த வாரக் கேள்விகள் எல்லாம் அயர்லாந்தின் தென்மேற்குக் கரையில், கெர்ரி மாவட்டத்தில் இருக்கும் கஹர்சிவீன் என்ற சிற்றூரின் செயின்ட் மேரிஸ் கழகத்தையும், அங்கே கையாலும் காலாலும் ஆடும் கேலிக் கால்பந்தையும் சுற்றியே வந்திருக்கின்றன.)

கே: 1997-ல் மாவட்ட அணிகள் மோதும் அகில அயர்லாந்து இறுதிப் போட்டியில் கெர்ரி 0-13, மேயோ மாவட்டம் 1-7 என்று படித்தேன். கோல் போட்டவர்கள் தோற்றார்களா?

ப: ஆமாம். முதல் எண் கோல், இரண்டாவது புள்ளி. ஒரு கோலுக்கு 3 புள்ளி. ஆகவே மேயோ 10, கெர்ரி 13. அந்தப் பதின்மூன்றில் 9 செயின்ட் மேரிஸ்காரர் மாரிஸ் ஃபிட்ஸ்ஜெரால்டு அடித்தவை. பந்து குறுக்குக் கம்பத்துக்குக் கீழே வலைக்குள் போனால் கோல், பச்சைக் கொடி. மேலே பறந்தால் ஒரு புள்ளி, வெள்ளைக் கொடி. 2025 முதல், கோலைச் சுற்றி மைதானத்தில் வரைந்த 40 மீட்டர் வளைவுக்கு வெளியிலிருந்து உதைத்து மேலே போனால் 2 புள்ளி, ஆரஞ்சுக் கொடி.

கே: என் மகன் ஓடும்போது பந்து முன்னால் எகிறிப் போய்விடுகிறது. எதிராளி எடுத்துக்கொள்கிறான். எங்கே தப்பு?

ப: பெரும்பாலும் கையில்தான், காலில் இல்லை. பந்தை ஏந்திக்கொண்டு நாலு எட்டுக்கு மேல் ஓடக்கூடாது. அதற்குள் தரையில் ஒரு தட்டு, அல்லது காலால் தட்டிக் கைக்குத் திருப்பும் 'சோலோ'. தரைத் தட்டு இரண்டு முறை தொடர்ந்து வரக்கூடாது. சோலோவுக்கு அந்தத் தடை இல்லை. பையன்கள் பந்தை நெஞ்சு உயரத்திலிருந்து மேலே எறிந்துவிட்டு உதைப்பார்கள். அது போய்த்தான் தீரும். வலது கால் என்றால் வலது கையாலேயே, இடுப்பு உயரத்திலிருந்து நழுவவிட வேண்டும். கணுக்கால் விறைப்பாக, கால்விரல் தன்னைப் பார்த்து மடங்கியிருக்கட்டும். விரல் நுனி அடியில் பட்டால் பந்து பின்சுழன்று மார்புக்கே வரும். முதலில் நின்றபடி, பிறகு நடந்து, கடைசியாக ஓட்டம். மைதானம் ஈரமாக இருந்தால் தரைத் தட்டை நம்பாதீர்கள், சறுக்கிவிடும்.

கே: பையனைக் கழகத்தில் சேர்க்க என்னென்ன வாங்க வேண்டும்? வீரர்களுக்குச் சம்பளம் உண்டா?

ப: சம்பளம் கிடையாது, மாவட்ட அணிக்கு ஆடுபவரும் மறுநாள் வேலைக்குப் போகிறவர்தான். பையனுக்கு ஸ்டட் வைத்த பூட்ஸ், பல்லுக்கு மவுத்கார்டு. இது கட்டாயம். கடையில் வாங்கி வெந்நீரில் இளக்கி, கடித்துப் பதியவைக்கும் ரகம் போதும். பல்லில் கம்பி மாட்டியிருந்தால் பல் டாக்டரிடம் கேளுங்கள். முதல் பயிற்சிக்கு முன்பே பதிவை முடித்துவிடுங்கள். பதிவாகாதவருக்கு அடிபட்டால் காயநிதி கைகொடுக்காது.

கே: இவ்வளவு சின்ன ஊர் பெரிய கழகங்களோடு எப்படி மோதுகிறது?

ப: கெர்ரியில் இதற்கு ஓர் ஏற்பாடு உண்டு. சிறு கழகங்கள் தங்கள் தரப் போட்டிகளில் தனித்தனியே ஆடும். செயின்ட் மேரிஸ் 2016-ல் அகில அயர்லாந்து இடைநிலைக் கழகக் கோப்பையையே வாங்கியது. மாவட்ட முதல்நிலைப் போட்டி வரும்போது பக்கத்துக் கழகங்களின் நல்ல ஆட்டக்காரர்களைத் திரட்டி 'தென் கெர்ரி' என்று ஒரே அணியாக இறங்குவார்கள். நேற்று முட்டிக்கொண்டவர்கள் இன்று ஒரே ஜெர்சியில்! கெர்ரி அணியோடு ஏழு முறை அகில அயர்லாந்துக் கோப்பை வென்ற ஜாக் ஓஷீயும் செயின்ட் மேரிஸில் உருவானவர்தான்.

கே: கடற்காற்று பலமாக இருந்தால்?

ப: காற்றை முதுகில் வாங்கும் அணி, வளைவுக்கு வெளியிலிருந்து இரட்டைப் புள்ளிக்குக் குறி வைக்கும். எதிர்க்காற்றில் தூக்கி அடித்தால் பந்து அந்தரத்தில் நின்று எதிராளி கையில் விழும். அப்போது கைப்பாஸ்தான் வழி. பந்தை வீசக்கூடாது, விரித்த உள்ளங்கையாலோ முஷ்டியாலோ குத்தித் தள்ள வேண்டும். குத்தியது நடுவருக்குத் தெளிவாகத் தெரியாவிட்டால் ஃபவுல்.