பக்கத்துப் பிரபஞ்சத்துக்கு வழி உண்டா?

கேள்வி: என் கதையில் வரும் விஞ்ஞானி, ஒவ்வொரு பிரபஞ்சத்துக்கும் தனி அதிர்வெண் உண்டு, நம் உடம்பின் அதிர்வெண்ணை மாற்றினால் இணைப் பிரபஞ்சத்துக்குப் போய்விடலாம் என்கிறார். இந்தக் கோட்பாடு எடுபடுமா?

பதில்: அதிர்வெண்ணை விட்டுவிடுங்கள். உடம்பு என்பது எண்ணி மாளாத அணுக்கள், ஒவ்வொன்றும் ஒரே நேரத்தில் பல விதமாக அதிர்ந்துகொண்டிருக்கிறது, இதில் எதை மாற்றுவார் அவர்? குவாண்டம் இயற்பியலிலேயே இதைவிட நல்ல வாசல் இருக்கிறது. ஓர் அளவீட்டில் வரக்கூடிய எல்லா விடைகளும் நடக்கின்றன, ஒவ்வொன்றும் தனிக் கிளையாகத் தொடர்கிறது என்ற பார்வை, இயற்பியலாளர் ஹியூ எவரெட் 1957-இல் முன்வைத்த ஆய்விலிருந்து வந்தது. ஆனால் குவாண்டம் நிலைகள் நேரம் போகப்போக எப்படி மாறும் என்று சொல்லும் ஷ்ரோடிங்கர் சமன்பாடு நேரியல் சமன்பாடு, அதாவது பல நிலைகள் சேர்ந்திருந்தாலும் ஒவ்வொன்றும் மற்றதைச் சாராமல் தன் வழியில் மாறும், அதனால் ஒரு கிளையில் நடப்பது பிரிந்துபோன இன்னொரு கிளையின் போக்கைத் தொடாது. பூட்டு இங்கேதான் இருக்கிறது, கதையும் இங்கேதான் கைவைக்க வேண்டும்.

1989-இல் இயற்பியலாளர் ஸ்டீவன் வைன்பெர்க், அந்தச் சமன்பாட்டில் மிகச் சிறிய நேரியலற்ற பகுதி ஒளிந்திருந்தால் என்ன ஆகும் என்று கேட்டார். பெரிலியம் அயனிகளை வைத்துத் தேடியும் பார்த்தார்கள், ஒன்றும் தென்படவில்லை. ஆனால் 1991-இல் ஜோசப் போல்ச்சின்ஸ்கி காட்டியது எனக்கு இன்றும் சிலிர்ப்பூட்டுகிறது: அப்படி ஒரு பகுதி இருந்தால் ஒளியைவிட வேகமாகச் செய்தி அனுப்ப முடியும், அதைத் தடுக்கும்படி கணக்கை அமைத்தாலோ கிளைகள் ஒன்றோடொன்று பேசிக்கொள்ள வழி திறந்துவிடும். அதற்கு அவர் வைத்த பெயர் எவரெட் தொலைபேசி.

சரி, உங்கள் விஞ்ஞானி அந்தச் சிறு பகுதியைக் கண்டுபிடித்துவிட்டார் என்று வைத்துக்கொள்ளுங்கள். கற்பனை அது ஒன்றுதான். ஆனால் ஆள் போக மாட்டார், செய்திதான் போகும். மறுமுனையில் இருப்பவரும் வேறு யாரோ அல்ல, அந்த அளவீடு வரைக்கும் இவராகவே இருந்து அப்புறம் வேறு விடையைப் பார்த்தவர். சின்ன வயது நினைவெல்லாம் இருவருக்கும் ஒன்று, கடைசிச் சில நிமிடங்கள் மட்டும் வேறு. அந்த இருவரும் என்ன பேசுவார்கள் என்று எழுதிப் பாருங்கள், இரண்டு சூரியன் உள்ள உலகத்தைவிட அது எனக்குப் பெரிதாகப் படுகிறது.

கேள்வி: புழுத்துளை வழியாகப் போனால் என்ன?

பதில்: புழுத்துளை என்பது வெளியின் இரண்டு இடங்களை இணைக்கும் குறுக்குவழி. அப்படிப்பட்ட ஒன்றாக ஐன்ஸ்டைனும் ரோசனும் 1935-இல் எழுதிய பாலம், ஒளி கடப்பதற்குள்ளேயே மூடிக்கொள்ளும் என்று 1962-இல் வீலரும் ஃபுல்லரும் காட்டிவிட்டார்கள். திறந்தே வைக்க எதிர்மறை ஆற்றல் கொண்ட பொருள் வேண்டும். அது கிடைத்தாலும் எவரெட்டின் கிளைக்கு அந்த வழி போகாது, அது வேறு விஷயம்.

கேள்வி: ஒருவர் இங்கிருந்து மறைந்தால் இந்தப் பிரபஞ்சத்தின் ஆற்றல் குறைந்துவிடாதா?

பதில்: மிக நல்ல கேள்வி, பலர் இதைத் தாண்டிப் போய்விடுகிறார்கள். 70 கிலோ நிறைக்குச் சமமான ஆற்றல் சுமார் 1,500 மெகாடன் டிஎன்டி வெடிமருந்தின் ஆற்றல், 1961-இல் சோவியத் யூனியன் வெடித்த மிகப் பெரிய அணுகுண்டைப் போல ஏறத்தாழ 30 மடங்கு. அவ்வளவும் சுவடே இல்லாமல் காணாமல் போவதை இயற்பியல் ஏற்காது. ஆளை அனுப்பியே ஆக வேண்டுமென்றால், அதே நிறை அங்கிருந்து இங்கே வந்தாக வேண்டும் என்று உங்கள் கோட்பாட்டில் ஒரு விதி எழுதிவிடுங்கள். அப்போது கதை போகிறவரைப் பற்றி மட்டும் இருக்காது, வருவது யார் என்றும் சொல்ல வேண்டியிருக்கும்.