ஓரத்தில் நிற்பவர்

கேள்வி: ‘காபரே’ போன்ற படத்தில் நடித்த ஃபிரிட்ஸ் வெப்பர், ஹாலிவுட்டுக்குப் போகாமல் ‘டெரிக்’ என்ற ஜெர்மன் துப்பறியும் தொடரில் எடுபிடியாகவே காலத்தைக் கழித்தது வீண்தானே?

பதில்: ஹாலிவுட் இருக்கட்டும். ‘எடுபிடி’ என்று எழுதிவிட்டீர்களே, அதைத்தான் என்னால் ஏற்க முடியவில்லை. “ஹாரி, வண்டியை எடுத்து வா” என்று துப்பறிவாளர் டெரிக், வெப்பர் நடித்த தம் உதவியாளரை ஏவிக்கொண்டே இருப்பார் என்பது ஜெர்மனியில் ஊரறிந்த கேலி. ஆனால் அந்த வசனம் அதே வடிவில் 281 பகுதிகளில் ஒன்றில்கூட இல்லை. பேசப்படாத வசனம் ஒன்றைக் கொண்டு, 1974 முதல் 1998 வரை ஒருவர் செய்த வேலையை எடைபோடுவது அநியாயம்.

ஹெர்பெர்ட் ரைனெக்கர் எழுதிய அக்கதைகளில் துரத்தல் குறைவு, விசாரணை அதிகம். டெரிக்காக நடித்த ஹோர்ஸ்ட் டாப்பர்ட் கேள்வியைக் கேட்டுவிட்டு அசையாமல் நிற்க, பதில் சொல்பவர் மழுப்புகிறாரா என்பதை ஓரத்தில் நிற்கும் வெப்பரின் முகம்தான் நமக்குக் காட்டிக்கொடுக்கும். பிறர் பேசும்போது காதுகொடுத்துக் கேட்பதும் நடிப்புதான் என்பதை இந்தப் பக்கத்தில் எத்தனையோ முறை எழுதிவிட்டேன்; வசனத்தின் நீளத்தை வைத்தே நடிகரை அளக்கும் நம் விமர்சகர்கள் இன்னும் மாறவில்லை.

அவர் வேறொன்றும் செய்யாதவரும் அல்லர். பெர்ன்ஹார்ட் விக்கி 1959இல் எடுத்த ‘பாலம்’ படத்தில், போரின் கடைசி நாட்களில் பயனற்ற ஒரு பாலத்தைக் காக்க நிறுத்தப்படும் பள்ளிச் சிறுவர் எழுவரில் உயிர் பிழைக்கும் ஒரே ஒருவன் அவர்தான். அந்தப் பாலத்தைத் தகர்க்க வரும் சொந்த நாட்டு வீரனையே அவன் சுட்டுவிடுகிறான். பதின்வயது நடிகர் ஒருவருக்கு அது எளிய காட்சி அல்ல.

‘காபரே’யில் (1972) அவர் ஏற்ற ஃபிரிட்ஸ் வெண்டல், பணக்காரப் பெண்ணை வளைக்க நினைக்கும் பகட்டுக்காரனாக நுழைந்து, உண்மையிலேயே அவளைக் காதலித்துத் தவிக்கிறான். அவள் யூதப் பெண். அவனோ தானும் யூதன் என்பதை மறைத்துப் புரொட்டஸ்டன்டாக நடமாடுகிறவன். நாஜிகள் தலையெடுக்கும் பெர்லினில், அவள் வீட்டு வாசலில் நின்று அந்த உண்மையை அவன் சொல்லும் இடம், படத்தின் நாயகி லைசா மின்னெல்லியின் பாடல்களுக்கு எவ்வகையிலும் குறைந்ததன்று என்பது என் துணிபு. அப்படத்துக்குக் கிடைத்த 8 ஆஸ்கர்களில் துணை நடிகருக்கானதை ஜோயல் கிரே பெற்றார், தகுதியானவர்தான். ஆனால் வெண்டலைப் பற்றி யாரும் பேசாதது எனக்கு இன்றும் வருத்தமே.

அதன்பின் அவர் ஹாலிவுட்டுக்குப் போயிருந்தால் என்ன கிடைத்திருக்கும்? அக்காலத்தில் ஜெர்மானிய நடிகர்களுக்கு அங்கே பெரும்பாலும் காத்திருந்தது நாஜிச் சீருடை. மியூனிக்கிலேயே இருந்ததால்தான், 60 வயதைக் கடந்தபின் ‘உம் ஹிம்மல்ஸ் வில்லன்’ தொடரில், மடத்துக் கன்னியாஸ்திரீகளோடு ஓயாமல் மல்லுக்கு நிற்கும் நகர மேயர் வோலராக, 2002 முதல் 2021 வரை முதன்மைப் பாத்திரத்திலேயே அவரால் நடிக்க முடிந்தது.