உகெட்சு: எரியும் அடுப்பு – கடிதம்

வணக்கம் சார்,

ஜப்பானிய இயக்குநர் மிசோகுச்சியின் ‘உகெட்சு’ (1953) படம் பார்த்தேன். ஊரூராகத் திரிந்த குயவன் கெஞ்சூரோ கடைசியில் வீடு திரும்புகிறான். மனைவி மியாகி சோறு போட்டு உபசரிக்கிறாள். அவள் முன்பே செத்துப்போனவள் என்று மறுநாள் காலையில்தான் அவனுக்குத் தெரிகிறது. வந்தது ஆவியா, களைத்தவனின் கனவா? படம் ஏன் தெளிவாகச் சொல்லவில்லை?

எஸ்.

அன்புள்ள எஸ்.,

கனவு இல்லை என்றுதான் நினைக்கிறேன். அந்தக் காட்சியை இன்னொரு முறை பாருங்கள்.

கதவைத் திறந்து உள்ளே வருகிறான். இருட்டு. அடுப்பில் நெருப்பில்லை. மனைவியைக் கூப்பிட்டுக்கொண்டே பின்வாசல் வழியாக வெளியே போகிறான். காமிரா அவனோடு போவதில்லை. வீட்டுக்குள்ளேயே நின்று, அவன் வெளியே சுற்றி வருவதை மெல்லத் திரும்பியபடி தொடர்கிறது. வழியில் அதே அடுப்பு, இப்போது எரிகிறது. பக்கத்தில் மியாகி உட்கார்ந்திருக்கிறாள். நடுவே வெட்டு கிடையாது, ஒரே ஷாட். அவன் முன்வாசலில் நுழைவதற்குள் நாம் அவளைப் பார்த்துவிடுகிறோம். கனவென்றால் யாருடைய கனவு?

அப்புறம் அவன் குழந்தையோடு தூங்கிவிடுகிறான். மியாகி தூங்குவதில்லை. விளக்கு வெளிச்சத்தில் உட்கார்ந்து துணி தைக்கிறாள். அவன் கண்ணை மூடிய பிறகும் அவள் அங்கேதான் இருக்கிறாள்.

இத்தனைக்கும் பசித்த படைவீரன் அவளை ஈட்டியால் குத்தியதை நாம் முன்பே பார்த்தவர்கள். ஆனாலும் அந்த நெருப்பைக் கண்டதும் ‘பிழைத்துவிட்டாள்’ என்று மனசு சொல்கிறது. முதல்முறை பார்த்தபோது நான் அப்படியே நம்பினேன். காலி அடுப்பைப் பார்த்ததும் இதே கண், எரியும் அடுப்பைப் பார்த்ததும் இதே கண். எதைப் பொய் என்பது?

கெஞ்சூரோவை முன்பு மயக்கிவைத்திருந்த இன்னொரு ஆவி வகாசா சீமாட்டி; அவளுடைய மாளிகையில் இப்படி இல்லை. அவளுடைய வெளுத்த, ஜப்பானின் மரபான நோ நாடக முகமூடி போன்ற முகமே ஏதோ சரியில்லை என்று சொல்லிவிடும். மியாகிக்கு அப்படி எந்த அடையாளமும் இல்லை. புகை கிடையாது, மங்கல் கிடையாது. காமிரா வேறு பக்கம் பார்த்திருந்த சில நொடிகளில் மியாகியாக நடித்த கினுயோ தனாகா வந்து அடுப்படியில் உட்கார்ந்திருக்கிறார், அவ்வளவுதான். ஒளிப்பதிவு கசுவோ மியாகவா.

படத்துக்கு மூலம் உயேதா அகினாரியின் 1776ஆம் ஆண்டுக் கதைத்தொகுப்பு. அதில் ஒரு கதையில், இதேபோல் வீடு திரும்பிய கணவன் விடிந்து எழும்போது வீடே பாழாகிக் கிடக்கும். மிசோகுச்சி வீட்டை விட்டுவைக்கிறார், மகனையும் விட்டுவைக்கிறார். கெஞ்சூரோ மறுபடி பானை வனையும்போது அவள் குரல் கேட்கிறது, ஆள் தெரிவதில்லை. சிறுவன் தன் சோற்றுக் கிண்ணத்தை எடுத்துக்கொண்டு போய் அம்மாவின் சமாதியில் வைக்கிறான்.