பேத்திக்கு ஐரிஷ் பெயர்: பட்டியலை எந்த அளவுக்கு நம்பலாம்?

கேள்வி: என் மகள் அயர்லாந்தில், கார்க் நகரில் இருக்கிறாள். மருமகன் அந்த ஊர்க்காரர். பிறக்கப்போவது பெண் குழந்தை என்று அங்கே முன்கூட்டியே சொல்லிவிட்டார்கள். மரபான ஐரிஷ் பெயராக வைக்க விரும்பி, கேட்லின், டெய்ர்ட்ரெ, க்ரான்யா, ஃபியோனா, ஸீர்ஷா என்று ஐந்து பெயர்களை அனுப்பி என் கருத்தைக் கேட்கிறார்கள். இணையத்தில் பார்த்தால் ஒரே பெயருக்கு இடத்துக்கு இடம் வேறு வேறு பொருள் போட்டிருக்கிறது. எது சரி என்று எப்படித் தெரிந்துகொள்வது?
– ஒரு வாசகி, திருச்சி

பதில்: பெயர்ப் பட்டியல்களில் நாம் முதலில் தேடுவது பொருளைத்தான், அவற்றில் மிகவும் பலவீனமான பகுதியும் அதுவே. ஒருவர் எழுதியதைப் பார்த்து மற்றொருவர் எழுதுவதால், பிழையான பொருள்கூடப் பத்து இடங்களில் ஒரே மாதிரி காணப்படும். பத்து இடங்களில் இருக்கிறதே என்று நாமும் நம்பிவிடுவோம். ஆகவே, இந்தப் பெயரை அயர்லாந்தில் யார், எந்தக் காலத்தில் வைத்துக்கொண்டார்கள் என்பதை முதலில் பாருங்கள். அடுத்து எழுத்தையும் உச்சரிப்பையும் பாருங்கள். பொருளைக் கடைசியில் வைத்துக்கொள்ளுங்கள்.

டெய்ர்ட்ரெவையே எடுத்துக்கொள்வோம். இதற்குத் ‘துயரம்’ என்று பல பட்டியல்கள் பொருள் சொல்லும். உண்மையில் இது கதையிலிருந்து பெயருக்கு ஏறிய பொருள். அயர்லாந்தின் வடபகுதியான அல்ஸ்டரின் பழங்கதைகளில் வரும் இந்தப் பெண்ணால் பெருங்கேடு விளையும் என்று அவள் பிறக்கும் முன்பே குறி சொல்லப்படுகிறது. கொன்ஹோபர் அரசன் தனக்கென்று அவளை வளர்க்க, அவள் நீஷா என்னும் வீரனோடு போய்விடுகிறாள். அவன் வஞ்சகமாகக் கொல்லப்படுகிறான். இக்கதை 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் டப்ளின் மேடைகளில் நாடகமாக நடந்த பிறகுதான் இப்பெயரைக் குழந்தைகளுக்கு வைப்பது பரவியது. கதை மிகப் பழையது, பெயர்ச்சொல்லின் மூலம் உறுதியாகத் தெரியாதது, பெயராகப் புழங்கியதோ அண்மைக் காலத்தில்தான். இம்மூன்றையும் ஒன்றாகக் குழைத்து ‘துயரம் என்று பொருள்படும் தொன்மையான பெயர்’ என்று எழுதிவிடுகிறார்கள்.

க்ரான்யா வேறு விதமான குழப்பம். ‘அருள்’ என்று பொருள்படும் கிரேஸ் என்ற ஆங்கிலப் பெயரோடு இதற்கு வேர்த்தொடர்பு கிடையாது. ஒலி சற்று ஒத்திருந்ததால் ஆங்கில ஆட்சிக் காலத்தில் ஒன்றுக்குப் பதிலாக மற்றொன்று எழுதப்பட்டது, அவ்வளவே. மேற்குக் கரையில், மேயோ பகுதியில் கப்பல்களோடு அதிகாரம் செலுத்தி, 1593இல் முதலாம் எலிசபெத் அரசியை நேரில் சந்தித்த க்ரான்யா நீ வாலியா, ஆங்கிலத்தில் கிரேஸ் ஓமாலி ஆனது இப்படித்தான். அதே எழுத்துகளில் ‘தானியமணி’ என்ற சாதாரண ஐரிஷ் சொல்லும் இருப்பதால், சில பட்டியல்கள் அதையே பெயரின் பொருளாகப் போட்டுவிடுகின்றன. பொருள் எதுவாயினும், ஃபின் மக்கூல் என்னும் பழங்கதை வீரனின் கதைகளில் டியர்மிட் என்பவனோடு ஓடிப்போன அரசகுமாரி தொடங்கி ஓமாலி வரை, அயர்லாந்து மண்ணிலேயே புழங்கிய பெயர் இது என்பதில் ஐயமில்லை.

மற்ற மூன்றையும் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். ஃபியோனாவின் வேர் ‘வெண்மை’ என்ற கேலிக் (ஐரிஷும் ஸ்காட்லாந்தின் பழைய மொழியும் சேர்ந்த மொழிக்குடும்பம்) சொல்தான் என்றாலும், பெயராக அது ஸ்காட்லாந்தில் உருவானது. வில்லியம் ஷார்ப் என்ற எழுத்தாளர் 1890களில் ஃபியோனா மக்ளவுட் என்று புனைபெயர் வைத்துக்கொண்டதால் பரவியது. ஸீர்ஷாவுக்கு ‘விடுதலை’ என்ற பொருள் முற்றிலும் சரி. ஆனால் அது விடுதலைப் போராட்டத்தையொட்டி, 20ஆம் நூற்றாண்டில்தான் பெயரானது. கேட்லின் என்பது கேத்தரின் என்ற பெயர் நார்மன் பிரெஞ்சுக்காரர் வழியே வந்து ஐரிஷில் அடைந்த வடிவம். அயர்லாந்தில் அதைக் ‘காட்லீன்’ என்பதற்கு நெருக்கமாகச் சொல்வார்கள். கேட்லின் என்பது ஆங்கில முறையில் வாசித்ததால் வந்த ஒலி, அமெரிக்காவில்தான் பரவியது.

சரிபார்க்க வேண்டிய இடங்கள் பெரும்பாலும் இலவசமாகவே கிடைக்கின்றன. அயர்லாந்தின் மத்தியப் புள்ளியியல் அலுவலகம் 1964 முதல் குழந்தைப் பெயர்களின் கணக்கை வெளியிட்டிருக்கிறது. ‘மிகவும் பிரபலம்’ என்ற பேச்சையெல்லாம் அங்கேயே தீர்த்துக்கொள்ளலாம். அதற்கு முந்தைய காலத்துக்கு, தேசிய ஆவணக் காப்பகம் இணையத்தில் வைத்துள்ள 1901, 1911 மக்கள்தொகைக் கணக்கின் குடும்பப் படிவங்கள் உதவும். அவற்றில் ஓர் எச்சரிக்கை தேவை: பெரும்பாலோர் ஆங்கிலத்திலேயே நிரப்பியதால், வீட்டில் ப்ரீட் என்று அழைக்கப்பட்டவள் படிவத்தில் பிரிஜெட்டாக இருப்பாள். எனவே ஐரிஷ் வடிவம் கண்ணில் படாததால் மட்டும் அந்தப் பெயர் அன்று இல்லை என்று சொல்லிவிட முடியாது. சொல்லின் பழமையை அறிய ராயல் ஐரிஷ் அகாடமி தொகுத்த, பழைய ஐரிஷ் மொழிக்கான அகராதி இருக்கிறது.

எழுத்து விஷயத்தில், உயிரெழுத்தின் மேல் வரும் சாய்கோட்டை அவர்கள் ஃபாடா என்பார்கள். அதை அலங்காரம் என்று எண்ணி விட்டுவிடும் பட்டியலை நான் நம்புவதில்லை. ஜான் என்பதன் ஐரிஷ் வடிவமான ஷானைக் கோடில்லாமல் எழுதினால் ‘பழைய’ என்ற சொல்லாகிவிடும். (கடவுச்சீட்டின் அடியில் இயந்திரம் படிக்கும் வரிகளில் கோடு வராது, அதற்காகப் பிறப்புப் பதிவிலும் விட்டுவிட வேண்டாம்.) அதே சமயம், 20ஆம் நூற்றாண்டின் நடுவில் எழுத்துமுறை எளிமையாக்கப்பட்டதால், ஒரே பெயர் பழைய நூலில் நீளமாகவும் புதிய நூலில் குறுகலாகவும் இருப்பது பிழையாகாது.

என்னைக் கேட்டால், மரபு முக்கியம் என்ற உங்கள் நிபந்தனைக்கு ஐந்தில் நன்றாகப் பொருந்துவது க்ரான்யாதான். ஸீர்ஷாவைப் புதிய பெயர் என்று தெரிந்தே விரும்பி வைத்தால் அதிலும் குறையில்லை. முடிவு செய்யும் முன், தியாங்லன் என்ற இணைய அகராதித் தளத்தில் மூன்று வட்டாரங்களின் உச்சரிப்பும் பதிவாகியிருப்பதைக் கேளுங்கள். கார்க் மன்ஸ்டர் வட்டாரத்தைச் சேர்ந்தது. அந்தப் பதிவைக் கேட்டபின், சம்பந்தியம்மாளையும் ஒருமுறை தொலைபேசியில் பெயரைச் சொல்லச் சொல்லுங்கள். அங்கே பிறப்பைப் பதிவு செய்ய மூன்று மாத அவகாசம் உண்டு என்பதால் அவசரப்படத் தேவையில்லை.