1911இல் ஜெயித்தது யார்?

வணக்கம் அக்கா,

2025 விம்பிள்டன் பெண்கள் இறுதிப் போட்டியை மகளோடு உட்கார்ந்து பார்த்தேன். ஷ்வியான்டெக் 6-0, 6-0 என்று அனிசிமோவாவை ஜெயித்தார், 57 நிமிஷத்தில் எல்லாம் முடிந்துவிட்டது. விம்பிள்டன் இறுதியில் 1911க்குப் பிறகு இப்படி நடப்பது இதுதான் முதல் தடவை என்றார்கள். “அப்போ 1911ல ஜெயிச்சது யாருப்பா?” என்று மகள் கேட்டாள். தேடியதில் டொரோதியா லாம்பர்ட் சேம்பர்ஸ் என்ற பெயர் கிடைத்தது. அந்தக் காலத்தில் வசதியான வீட்டுப் பெண்கள் பொழுதுபோக்காக ஆடியிருப்பார்கள், எதிரே சரியான ஆள் இருந்திருக்காது என்று அவளிடம் சொல்லிவிட்டேன். நான் சொன்னது சரிதானா? அவர் ஒரு புத்தகமும் எழுதியிருக்கிறாராமே, படிக்கக் கிடைக்குமா?

அன்புடன்,
கா.

அன்புள்ள கா.,

சரியில்லை. மகளிடம் இன்றைக்கே திருத்திச் சொல்லிவிடுங்கள்.

எதிரே இருந்தவரிலிருந்தே தொடங்குகிறேன். 1911இல் ஒரு கேம்கூட எடுக்க முடியாமல் தோற்றவர் டோரா பூத்பி. 1909ஆம் வருஷத்து விம்பிள்டன் சாம்பியனே அவர்தான். 1908 லண்டன் ஒலிம்பிக் இறுதியில் டொரோதியாவிடம் 6-1, 7-5 என்று தோற்று வெள்ளி வாங்கியவரும் அவர்தான். அப்படிப்பட்டவரைத்தான் டொரோதியா ஒரு கேம்கூட விடாமல் ஜெயித்திருக்கிறார். ஒன்றை மட்டும் ஒப்புக்கொள்கிறேன், அப்போது சாம்பியனுக்கு ஒரு பெரிய சலுகை இருந்தது. மற்றவர்கள் எல்லாச் சுற்றுகளும் ஆடி ஜெயித்து வர வேண்டும், போன வருஷம் பட்டம் வாங்கியவர் அதுவரை காத்திருந்து கடைசி ஆட்டம் ஒன்றை மட்டும் ஆடினால் போதும். 1911இல் அவர் ஆடியது அந்த ஒரே ஆட்டம்தான். 1922இல் இந்த முறையை எடுத்துவிட்டார்கள். ஆனால் 1910இலும் 1913இலும் அவருக்கு அந்தச் சலுகை கிடையாது, எல்லோரையும்போல முதல் சுற்றிலிருந்து ஆடித்தான் ஜெயித்தார். அது ஏன் என்பதில்தான் அவருடைய கதையே இருக்கிறது.

லண்டனை ஒட்டிய ஈலிங்கில் ஒரு பாதிரியாரின் மகளாக 1878இல் பிறந்தவர், டொரோதியா டக்ளஸ். சின்ன வயதில் வீட்டுச் செங்கல் சுவர்தான் எதிராளி. பொம்மைகளை வரிசையாக உட்காரவைத்து, அவைதான் பார்வையாளர்கள் என்று வைத்துக்கொண்டு, சுவரில் பந்தை அடித்து அடித்துப் பழகியிருக்கிறார். எதையும் விளையாட்டாக எடுத்துக்கொள்ளாத ஒரு பிள்ளை தெரிகிறதில்லையா, அந்தப் பொம்மை வரிசையில்? 1903, 1904, 1906 மூன்று வருஷமும் விம்பிள்டன் பட்டம். இடையில் ஆல் இங்கிலாந்து பேட்மின்டனிலும் பட்டம் வாங்கியிருக்கிறார். 1907இல் கல்யாணம். 1909இல் அவர் விம்பிள்டனில் இல்லை, முதல் குழந்தை. 1910இல் வந்து ஜெயித்தார். 1911இல் நீங்கள் சொன்ன அந்த 6-0, 6-0. 1912இல் மறுபடி இல்லை, இரண்டாவது குழந்தை. 1913இல் வந்து ஜெயித்தார், 1914இலும் ஜெயித்தார். பிள்ளை பெற்றுவிட்டு மைதானத்துக்குத் திரும்புவதை இன்றைக்குத் தலைப்புச் செய்தி ஆக்குகிறோம். ஆக்கவும் வேண்டும், அது அவ்வளவு கடினமான காரியம். இந்த அம்மாள் அதை இரண்டு முறை செய்து, மொத்தம் ஏழு பட்டத்தில் நான்கைத் தாயான பிறகுதான் வாங்கினார். அந்த ஏழைத் தாண்ட 1938இல் ஹெலன் வில்ஸ் எட்டாவது பட்டம் வாங்க வேண்டியிருந்தது.

பழைய பட்டியலில் தேடினால் உங்களுக்கு ஒரு குழப்பம் வரும், இப்போதே சொல்லிவிடுகிறேன். முதல் மூன்று பட்டம் ‘மிஸ் டக்ளஸ்’ பெயரில் இருக்கும், அடுத்த நான்கு ‘மிஸஸ் லாம்பர்ட் சேம்பர்ஸ்’ பெயரில் இருக்கும், இரண்டும் ஒரே ஆள். கல்யாணமான பெண்களைக் கணவர் பெயரிலும் கணவருடைய இனிஷியலிலும் எழுதுவதுதான் விம்பிள்டன் வெற்றியாளர் பலகையின் வழக்கமாக இருந்தது. மிஸ், மிஸஸ் எல்லாம் அங்கிருந்து போனது 2022இல். அதைப் படித்த அன்று எனக்கு வந்த கோபம் இன்னும் முழுசாகத் தணியவில்லை.

சரி, இனி நான் உண்மையில் சொல்ல நினைப்பதற்கு வருகிறேன். அவர் ஜெயித்த ஏழையும்விட, தோற்ற ஒரு ஆட்டம்தான் எனக்குப் பெரிது.

1915 முதல் 1918 வரை போர், விம்பிள்டன் நடக்கவே இல்லை. திரும்ப நடந்தது 1919இல். ஜூலை 5, வொர்பிள் ரோடு மைதானம், மன்னர் ஐந்தாம் ஜார்ஜும் ராணி மேரியும் வந்து உட்கார்ந்திருக்கிறார்கள். டொரோதியாவுக்கு வயது 40. எதிரே பிரான்ஸிலிருந்து வந்த சுசான் லெங்லென், வயது 20, புல்தரைக்குப் புதுசு. லெங்லென் குட்டைக் கையும் கெண்டைக்கால் வரை பாவாடையுமாக வந்து நிற்கிறார், இவர் மணிக்கட்டு வரை மூடிய சட்டையும் கணுக்கால் வரை பாவாடையுமாக நிற்கிறார். இருபது வருஷ இடைவெளி உடையிலேயே தெரிந்தது. முதல் செட் 10-8, லெங்லெனுக்கு. இரண்டாவது செட்டில் இந்தப் பெண் களைத்துப்போக, அவருடைய அப்பா பிராந்தி கொடுத்துத் தேற்ற வேண்டியதாயிற்று, ஆனாலும் 6-4 என்று டொரோதியா எடுத்துவிட்டார். மூன்றாவது செட்டில் 1-4 என்று பின்தங்கியிருந்தவர் அங்கிருந்து ஒவ்வொரு கேமாகப் பிடித்து 6-5க்கு வந்து, அந்த கேமில் 40-15 என்று நின்றார். இரண்டு மேட்ச் பாயின்ட் கையில். ஒன்று விழுந்தால் எட்டாவது பட்டம், நாற்பது வயதில்.

முதல் பாயின்டில் பந்தைத் தலைக்கு மேல் தூக்கி அடித்தார். லெங்லென் ஓடி எக்கினார், எட்டவில்லை என்றே சொல்ல வேண்டும், மட்டையின் நரம்பில் படாமல் ஓரத்து மரச்சட்டத்தில் பட்ட பந்து தட்டுத்தடுமாறிப் போய் வலையைத் தாண்டி டொரோதியா பக்கம் பொத்தென்று விழுந்தது. அவ்வளவுதான். விரல் அகலம் இந்தப் பக்கம் விழுந்திருந்தால் கதையே வேறு. இரண்டாவது பாயின்டும் போயிற்று. மூன்றாவது செட் 9-7, லெங்லென் சாம்பியன். மொத்தம் 44 கேம். பெண்கள் இறுதியில் அதைவிட நீண்ட ஆட்டம் 1970இல் மார்கரெட் கோர்ட்டும் பில்லி ஜீன் கிங்கும் ஆடிய 46 கேம்தான். மன்னர் கூப்பிட்டு அனுப்பியும், இரண்டு பேராலும் எழுந்து போக முடியவில்லை, அவ்வளவு களைப்பு.

போர் நடந்த அந்த நான்கு வருஷத்தை நினைத்துப் பாருங்கள். 35 வயதில் சாம்பியனாக இருந்தவர், ஆட விம்பிள்டனே இல்லாமல் இருந்து, நாற்பதில் திரும்பி வந்து, உலகத்திலேயே சிறந்த ஆட்டக்காரியாக ஆகப்போகிற ஒரு பெண்ணை ஒரு பாயின்ட் தூரத்தில் நிறுத்தியிருக்கிறார். லெங்லென் சாதாரண ஆள் இல்லை, அடுத்த ஏழு வருஷத்துக்கு அவரை யாரும் கிட்டே நெருங்க முடியவில்லை. மறு வருஷம் டொரோதியா எல்லாச் சுற்றும் ஆடி 41 வயதில் மறுபடி அதே பெண்ணின் எதிரே போய் நின்றார். இந்தத் தடவை 6-3, 6-0, பேச்சுக்கே இடமில்லாத தோல்வி. ஆனால் அதோடு நிறுத்திவிடவும் இல்லை. 1925இல் பிரிட்டன், அமெரிக்கப் பெண்கள் அணிகள் மோதும் வைட்மன் கோப்பைக்காக அமெரிக்காவில் ஃபாரஸ்ட் ஹில்ஸில் இறங்கும்போது வயது 46. அங்கே எலினோர் காஸ் என்ற நல்ல ஆட்டக்காரியை 7-5, 3-6, 6-1 என்று ஜெயித்தார். மூன்றாவது செட்டில் களைத்தது யார் என்று ஸ்கோரே சொல்கிறதே! பிரிட்டன் அந்தக் கோப்பையை 4-3 என்று, ஒரே ஆட்ட வித்தியாசத்தில், வாங்கியது. 1928இல் சம்பளம் வாங்கும் பயிற்சியாளராக ஆனார், 1960 ஜனவரியில் 81 வயதில் காலமானார்.

புத்தகம் 1910இல் வந்தது, பெண்களுக்கான டென்னிஸ் பற்றி. இணையத்தில் இலவசமாகவே கிடைக்கிறது, ஆங்கிலம் எளிமைதான், படங்களும் உண்டு. உங்கள் மகளுக்கு உடையைப் பற்றி எழுதியிருக்கும் இடத்தை முதலில் காட்டுங்கள். மடிப்பு வைத்த பாவாடை மைதானத்துக்கு ஆகாது, தரையிலிருந்து நாலைந்து அங்குலம் உயரத்தில் சாதாரணப் பாவாடை போதும் என்கிறார். அந்த நாலைந்து அங்குலத்தை வைத்துக்கொண்டுதான் அவ்வளவும் ஓடியிருக்கிறார்.