அம்மாச்சியைத் தேடும் ஆறு வயது மகள்

கேள்வி: நானும் கணவரும் திருப்பூரில் பனியன் கம்பெனியில் வேலை செய்கிறோம். மகளை எட்டு மாதக் குழந்தையாக இருந்தபோது, அருப்புக்கோட்டை பக்கம் ஊரில் இருக்கும் என் அம்மாவிடம் விட்டு வந்தோம். மாதம் ஒருமுறை போய்ப் பார்ப்போம். பள்ளியில் சேர்ப்பதற்காக ஐந்து மாதத்துக்கு முன் இங்கே அழைத்து வந்தோம். இப்போது அவளுக்கு ஆறு வயது. என்னிடம் ஒட்டவே மாட்டேன் என்கிறாள். ராத்திரியில் ‘அம்மாச்சி’ என்று அழுகிறாள். எப்போதோ நின்றுபோன, படுக்கையில் ஒன்றுக்குப் போகும் பழக்கமும் திரும்பிவிட்டது. போனில் பேசினால் அழுகை கூடுகிறது என்று அம்மாவோடு பேசுவதையும் குறைத்துவிட்டோம். முதல் ஆயிரம் நாளைத் தவறவிட்டால் அவ்வளவுதான் என்று ஒரு வீடியோவில் சொன்னார்கள். என் பிள்ளையை நானே கெடுத்துவிட்டேனா?

பதில்: இல்லை, நீங்கள் கெடுக்கவில்லை. ஆனால் ஒன்றை மட்டும் இன்றைக்கே மாற்றுங்கள். உங்கள் அம்மாவோடு அவள் பேசுவதைத் திரும்பத் தொடங்குங்கள். ஏன் என்று சொல்கிறேன்.

முதல் ஆயிரம் நாள் என்பது கருவில் உருவானதிலிருந்து இரண்டாவது பிறந்தநாள் வரைக்குமான காலம். மூளை அந்த நாட்களில் மிக வேகமாக வளர்கிறது என்பது உண்மைதான். அப்போது குழந்தைக்கு என்ன வேண்டும்? நல்ல சாப்பாடு, நோயில்லாத உடம்பு, அப்புறம் பதில் கொடுக்கும் ஒரு ஆள். அழுதால் யாராவது ஓடி வரவேண்டும். ‘ங்கா’ என்றால் யாராவது திரும்பப் பேசவேண்டும். இன்றைக்கு வந்த முகமே நாளைக்கும் வரவேண்டும். அது பெற்றவளின் முகமாகத்தான் இருக்கவேண்டும் என்று மூளை நிபந்தனை போடுவதில்லை. இதையெல்லாம் உங்கள் அம்மா ஏறக்குறைய ஐந்து வருடம் செய்திருக்கிறார்.

வீடியோக்களில் வரும் பயத்துக்குப் பின்னால் பெரும்பாலும் ருமேனியாவின் கதை இருக்கும். 1989 டிசம்பரில் அங்கே சௌசெஸ்கு என்ற சர்வாதிகாரியின் ஆட்சி கவிழ்ந்தபோது, ஒரு லட்சத்துக்கும் அதிகமான பிள்ளைகள் அரசு காப்பகங்களில் கிடந்தார்கள். ஷிஃப்டுக்கு ஷிஃப்ட் ஆள் மாறும். பால் புட்டியும் துணியும் நேரத்துக்கு வரும். கொஞ்சிப் பேச ஆள் கிடையாது. 2000-வாக்கில் சார்ல்ஸ் நெல்சன், நேதன் ஃபாக்ஸ், சார்ல்ஸ் ஸீனா என்ற மூன்று அமெரிக்க ஆய்வாளர்கள், அந்த நாட்டின் தலைநகர் புக்கரெஸ்டில் காப்பகங்களில் இருந்த 136 குழந்தைகளைத் தேர்ந்தெடுத்தார்கள். குலுக்கல் முறையில் பாதிப் பேரை வளர்ப்புக் குடும்பங்களுக்கு அனுப்பினார்கள். போனவர்கள் தேறினார்கள். அதிலும் இரண்டு வயதுக்குள் போனவர்களிடம் முன்னேற்றம் கூடுதலாகத் தெரிந்தது.

இந்த ஆய்வைத்தான் ‘இரண்டு வயதோடு எல்லாம் முடிந்தது’ என்று சுருக்கிவிடுகிறார்கள். அந்தக் குழந்தைகளைத் தேற்றியவர்கள் யார் என்று பாருங்கள். ஒருவரும் பெற்ற தாய் இல்லை. நிலையாகக் கூடவே இருந்த வளர்ப்புத் தாய்கள்தான். உங்கள் மகளுக்கு அப்படி ஒருவர் எட்டாவது மாதத்திலிருந்தே இருந்தார்.

ஹவாயைச் சேர்ந்த கவாய் தீவில் 1955-இல் பிறந்த 698 குழந்தைகளை, எம்மி வெர்னர் என்ற உளவியலாளர் பல பத்தாண்டுகள் தொடர்ந்து கவனித்தார். வறுமை, குடும்பச் சண்டை, பெற்றோரின் மனநோய் என்று பல சுமைகளோடு வளர்ந்த பிள்ளைகளிலும் சுமார் மூன்றில் ஒரு பங்கினர் நல்லபடியாக வாழ்க்கையில் நின்றார்கள். அவர்களிடம் திரும்பத் திரும்பத் தெரிந்தது, விடாமல் அக்கறை காட்டிய ஒரு பெரியவர். பல வீடுகளில் அது தாத்தாவோ பாட்டியோதான்.

அப்படியானால் இந்த அழுகை எதற்கு? அவள் பக்கத்தில் இருந்து பாருங்கள். உங்களுக்கு அவள் வீட்டுக்குத் திரும்பி வந்திருக்கிறாள். அவளோ வீட்டை விட்டு வந்திருக்கிறாள். அந்த மடி, அந்தச் சேலை வாசனை, அந்தத் திண்ணை எல்லாம் ஒரே நாளில் போய்விட்டன. இது அன்பு கிடைக்காத குழந்தையின் அழுகை இல்லை. அன்பு காட்டியவரைப் பிரிந்த குழந்தையின் அழுகை. ஒருவரோடு இவ்வளவு ஆழமாக ஒட்டத் தெரிந்த பிள்ளைக்கு, உங்களோடும் ஒட்டத் தெரியும்.

போன் விஷயத்துக்கு வருகிறேன். அந்தக் காலத்தில் லண்டன் மருத்துவமனைகளில் குழந்தையைச் சேர்த்தால், பெற்றோர் வாரத்துக்கு ஒரு தடவைதான் பார்க்கலாம் என்கிற மாதிரி விதிகள் இருந்தன. பார்த்துவிட்டுப் போனால் பிள்ளை அழுகிறது என்பதும் ஒரு காரணம். ஜேம்ஸ் ராபர்ட்சன் என்பவர் 1940-களின் இறுதியிலிருந்து அந்த வார்டுகளில் உட்கார்ந்து பார்த்தார். முதலில் அழுகை, பிறகு சோர்வு, பிறகு ஒரு அமைதி. நர்ஸ்கள் ‘பழகிவிட்டது’ என்று நினைத்த அந்த அமைதியில், பிள்ளை மனதை மூடிக்கொண்டிருந்தது. 1959-இல் பிரிட்டன் அரசுக்குத் தரப்பட்ட பிளாட் அறிக்கை, பெற்றோரைத் தடையில்லாமல் பார்க்க விடச் சொன்னது. நீங்கள் பயப்படவேண்டியது அவள் அழுவதைப் பார்த்து அல்ல, அழாமல் ஒதுங்குவதைப் பார்த்துத்தான்.

அதனால் தினமும் ஒரே நேரத்தில் வீடியோ காலில் அம்மாச்சியோடு பேசட்டும். நீங்களும் பக்கத்தில் உட்காருங்கள். அழுதால், “அம்மாச்சி ஞாபகம் வந்துடுச்சா? எனக்கும்தான்” என்று சொல்லி அணைத்துக்கொள்ளுங்கள். முடிந்தால் உங்கள் அம்மாவை இரண்டு வாரம் திருப்பூருக்கு வரவழையுங்கள். நீங்கள் இருவரும் சேர்ந்து சமைப்பதையும் சிரிப்பதையும் அவள் பார்க்கட்டும். அவருடைய பழைய சேலை ஒன்றைப் படுக்கையில் போட்டுக் கொடுங்கள். என்ன கதை சொல்லித் தூங்கவைத்தார், எப்படிச் சோறு ஊட்டினார் என்று கேட்டுத் தெரிந்துகொண்டு அதையே செய்யுங்கள். “நான்தானே உன் அம்மா” என்று மட்டும் வாதாடாதீர்கள். இருவரில் ஒருவரைத் தேர்ந்தெடு என்பது போல அவளுக்குக் கேட்கும்.

ஓவர்டைம் முடித்து எட்டு மணிக்கு வருகிறவருக்கு நாள் முழுக்கக் கூட இருங்கள் என்று நான் சொல்லமாட்டேன். இருபது நிமிடம் போதும், ஆனால் தினமும். போனை ஓரமாக வைத்துவிட்டு, அவள் சொல்லும் விளையாட்டை விளையாடுங்கள். ஞாயிற்றுக்கிழமை எண்ணெய் தேய்த்துத் தலை குளிப்பாட்டலாம். அப்பாவும் தனக்கென்று ஒரு வேலையை எடுத்துக்கொள்ளட்டும். பள்ளிக்குக் கொண்டுபோய் விடுவது போல.

படுக்கை நனைவதற்கு இந்தப் பிரிவு காரணமாக இருக்கலாம். திட்டவேண்டாம், மற்றவர் முன்னால் சொல்லவும் வேண்டாம். ஆனால் நின்றுபோனது திரும்பியிருப்பதால் டாக்டரிடம் காட்டிச் சிறுநீர்த் தொற்று, மலச்சிக்கல், சர்க்கரை மூன்றையும் பார்த்துவிடுங்கள். அதிகத் தாகம், அடிக்கடி சிறுநீர், எடை குறைவது என்றிருந்தால் அன்றைக்கே போகவேண்டும்.

இப்படி இரண்டு மூன்று மாதம் செய்தும் அவள் சரியாகச் சாப்பிடாமல், யாரோடும் பேசாமல் ஒதுங்கினால், அரசு மருத்துவமனையின் மனநலப் பிரிவுக்கு அழைத்துப் போங்கள். குற்ற உணர்ச்சியில் உங்கள் தூக்கம் கெட்டிருந்தால் 14416 என்ற டெலி மானஸ் (அரசின் தொலைபேசி மனநல உதவி) எண்ணில் நீங்களும் பேசலாம், கட்டணம் இல்லை.

பன்னிரண்டு, பதின்மூன்று வயதில் மூளை இன்னொரு பெரிய மாற்றத்துக்குள் போகும். அப்போது “ஏன் என்னை விட்டுட்டுப் போனீங்க?” என்று அவள் கேட்கக்கூடும். அன்றைக்குத் தடுமாறாமல் இருக்க, இப்போதிருந்தே அவள் கதையை அவளுக்குப் புரியும்படி சொல்லுங்கள்: “எங்களுக்கு வேலை இங்கே இருந்துச்சு, உன்னை நல்லாப் பாத்துக்க அம்மாச்சி அங்கே இருந்தாங்க, நாங்க மாசாமாசம் பஸ் ஏறி வந்தோம்.” பழைய போனில் அந்த வருடங்களின் படங்கள் இருந்தால் பிரிண்ட் போட்டு ஒரு சின்ன ஆல்பம் செய்யுங்கள். முதல் பக்கத்தில் யார் படம் என்பதை அவளே முடிவு செய்யட்டும்.